கடலில் நின்ற பட்டாளம்

கரும்பு வெட்டக் கப்பலேறிய சனம் எந்தக் கரையில் இறங்கினாலும் முதல் காரியமாக அந்த ஊரின் பெயரைத் தன் வாய்க்குத் தகுந்தபடி மடக்கிக்கொள்ளும். பசிபிக் கடலின் நடுவில், வரைபடத்தில் ஒரு ஈ உட்கார்ந்தால் மறைந்துபோகிற அளவுக்கு இருந்த வாலேத்தா என்ற தீவை, வட ஆர்க்காட்டிலிருந்தும் செங்கற்பட்டிலிருந்தும் போனவர்கள் வாலாத்தா ஆக்கிவிட்டார்கள். பெயரில் ஆத்தா வந்துவிட்டால் சும்மா விட முடியுமா, சர்க்கரை ஆலைக்குப் பின்னால் ஒரு கல்லை நட்டு மஞ்சள் பூசி, வாலாத்தாளுக்கு ஆடி மாதம் கூழ் ஊற்றவும் ஆரம்பித்துவிட்டார்கள். தீவின் பூர்வீகச் சனங்கள் இப்படி ஒரு தெய்வம் தங்கள் மண்ணில் இருந்தது தங்களுக்கே தெரியாமல் போயிற்றே என்று வருத்தப்பட்டு, சட்டியோடு வந்து கூழ் வாங்கிக் குடித்தார்கள். கம்பெனியின் வெள்ளைக்கார துரை கல்லைச் சுற்றிவந்து பார்த்துவிட்டு, கரும்புக்கு இடைஞ்சல் இல்லாதவரை எந்த ஆத்தாளும் இருந்துவிட்டுப் போகட்டும் என்றார்.

அப்பேர்ப்பட்ட ஊருக்கு யுத்தம் வந்தது. யார் யாரோடு எதற்காக அடித்துக்கொள்கிறார்கள் என்பது கூலிக்காரர்கள் குடியிருந்த லயன் வீடுகளில் ஒருத்தருக்கும் தெரியாது. கவர்னர் குடியிருந்த பெரிய தீவிலிருந்து ஒரு கப்பல் வந்தது, கப்பலிலிருந்து மேளம் இறங்கியது, மேளத்துக்குப் பின்னால் ஒரு அதிகாரி இறங்கினான். பட்டாளத்துக்குச் சுமை தூக்க ஆள் வேண்டும், போய்த் திரும்பி வருகிற ஒவ்வொருத்தனுக்கும் மலையடிவாரத்தில் சொந்தமாக நிலம் என்று அவன் சொன்னபோது, அப்பன் காலத்திலிருந்து அடுத்தவன் கரும்பையே வெட்டிக்கொண்டிருந்தவர்களுக்குக் காதில் தேன் பாய்ந்தது. அதே அதிகாரி மறுநாள் தீவுக்காரர்களின் கிராமத்துக்குப் போய், கம்பெனி உங்களிடமிருந்து எடுத்துக்கொண்ட மலையடிவாரத்து நிலம் இருக்கிறதே, அது போய்த் திரும்பி வருகிறவனுக்குத் திரும்பக் கிடைக்கும் என்று சொன்னான். ஒரே நிலத்தை இரண்டு பேருக்குக் கொடுப்பதில் அவனுக்கு ஒரு சங்கடமும் இல்லை. எத்தனை பேர் திரும்பி வருவார்கள் என்பதில் அவனுக்கு ஏற்கெனவே ஒரு அபிப்பிராயம் இருந்தது.

பூங்காவனத்தின் புருஷன் தாண்டவன் முதல் நாளே பெயர் கொடுத்துவிட்டு வந்தான். அவன் ஒரு இடத்தில் நிற்காத மனுஷன். சாப்பிடும்போதுகூட பாதியில் எழுந்து போய்க் கோழியை விரட்டிவிட்டு வந்து மீதியைச் சாப்பிடுவான். பூங்காவனம் அப்போது முழுகாமல் இருந்தாள்.

"மாமா, பட்டாளம்னா சுடுவாங்களாமே."

"சுடறவன் வேற, தூக்கறவன் வேற. நாம தூக்கறவங்க. அரிசி மூட்டைய எவனாவது சுடுவானா?"

"மூட்டைய சுட மாட்டான். அதுக்குக் கீழ நீ இருக்கியே."

"நெலம்டி," என்றான் தாண்டவன். அந்த ஒரு வார்த்தைக்கு மேல் அவனிடம் காரணம் இல்லை.

ஆலைக்குப் பின்னால் தகரம் அடித்து மறைத்த மைதானத்தில் அவர்களுக்குக் கவாத்துப் பழக்கினார்கள். பொம்பிளைகள் கிட்டே போகக் கூடாது. துப்பாக்கி கிடையாது, தோளில் ஆளுக்கொரு மூங்கில். செம்பட்டை மீசை வைத்த ஒரு சார்ஜன் கத்தினான், ஆலைக் கங்காணி வரதப்ப நாயக்கர் அவன் தலைக்குக் குடை பிடித்தார். குடை பிடித்த புண்ணியத்தில் அவர் யுத்தத்துக்குப் போகாமல் தப்பினார். மழைக்காலம் முடிந்ததும் கூலிக்காரர்களும் தீவுக்காரர்களும் கலந்து நின்ற அந்தச் சுமைப் பட்டாளத்தைக் கப்பலேற்றினார்கள். கப்பல் போய்ச் சேரவில்லை. எங்கே முழுகியது, யார் முழுக்கியது என்று யாரும் சொல்லவில்லை. காணாமல் போனார்கள் என்று மட்டும் தகவல் வந்தது, ஆட்டுக்குட்டியைச் சொல்வதுபோல.

யுத்தம் ஓய்ந்த மறு வருஷம் மாசி மாதத்தில், கடல் நன்றாக உள்வாங்கியிருந்த ஒரு காலையில், அவர்கள் திரும்பி வந்தார்கள். கடலடியில் நடந்தே வந்திருக்க வேண்டும். வந்தவர்கள் பவளத்திட்டுக்கு இந்தப் பக்கம், இடுப்பளவு தண்ணீரில், கரையைப் பார்த்து அணிவகுத்து நின்றார்கள். காக்கிச் சட்டை, தோளில் மூங்கில், நெஞ்சு நிமிர்ந்து, கண் நேராக. நண்டு பிடிக்கப் போன பொம்பிளைகள் பார்த்துவிட்டு ஊருக்குள் ஓடிவந்து, "வந்துட்டாங்க, ஆனா இன்னும் வரல," என்று சொன்னார்கள். அதைவிடச் சரியாக அதற்குப் பிறகும் யாரும் சொல்லவில்லை.

ஊரே கடலில் இறங்கியது. கட்டிப்பிடித்து அழுதார்கள், பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள், கன்னத்தில் அறைந்தார்கள். அவர்கள் மூச்சு விடவில்லை, உடம்பு அழுகவும் இல்லை. இடுப்பில் கயிறு கட்டி எருதுகளை விட்டு இழுத்தபோது கயிறு அறுந்தது. தீவுக்காரர்கள் பெரிய தோணியைக் கொண்டுவந்து தேவிதா என்ற தங்கள் பையனைத் தூக்கி ஏற்றப் பார்த்தார்கள், தோணிதான் கவிழ்ந்தது. மதியம் கடல் ஏறியது, அவர்கள் நெஞ்சு முழுகியது, கழுத்து முழுகியது, பிறகு வரிசையாக மூங்கில் நுனிகள் மட்டும் தெரிந்தன. கரையில் நின்ற சனம் இரண்டாம் தடவையாக அவர்களைப் பறிகொடுத்து ஒப்பாரி வைத்தது. சாயங்காலம் கடல் வாங்கியதும் பட்டாளம் முழுக்க அங்கேயே, அப்படியே நின்றது.

தினமும் இரண்டு தடவை முழுகி இரண்டு தடவை எழுகிறவனுக்கு எத்தனை நாள் ஒப்பாரி வைப்பது? கொஞ்ச நாளில் ஊருக்குப் பழகிவிட்டது. செம்படவர்கள் தோணியைக் கொண்டுவந்து அவரவர் சொந்தக்காரன் கையில் கட்டினார்கள், நங்கூரத்தைவிட அது திடமாக இருந்தது. பிள்ளைகள் மாமனிடமிருந்து சித்தப்பனிடம், சித்தப்பனிடமிருந்து பெரியப்பனிடம் என்று தாவித் தாவி நீச்சல் பழகினார்கள். பெண்டாட்டிகள் கடல் வாங்குகிற நேரம் பார்த்து இறங்கி, முட்டியில் ஒட்டிய சிப்பிகளைத் தேங்காய்த் துருவியால் சுரண்டி, முகத்து உப்பைத் துடைத்துவிட்டு வந்தார்கள். சட்டை இற்றுப்போனபோது சர்க்கரைச் சாக்கைப் பிரித்துத் தைத்துப் போட்டார்கள், அதனால் பட்டாளம் கொஞ்ச காலத்தில் முதுகெல்லாம் கம்பெனி முத்திரையோடு நின்றது.

பெரிய சிக்கல் தாலி விஷயத்தில்தான் வந்தது. இவர்கள் சுமங்கலிகளா, அறுத்துவிட்டவர்களா? பூசாரி அய்யாவு வாலாத்தாள் கல்லுக்கு முன்னால் உட்கார்ந்து வெகுநேரம் யோசித்து ஒரு தீர்ப்புச் சொன்னார்.

"தாலி கழுத்துலயே கெடக்கட்டும். பொட்டு மட்டும் கடல் சொல்றபடி. தண்ணி எறங்கி மூஞ்சி தெரிஞ்சா வெச்சிக்கோங்க. ஏறி முழுகிச்சினா அழிச்சிக்கோங்க."

அப்படியே நடந்தது. கடல் வாங்கினால் லயன் வீடுகளில் குங்குமச் சிமிழ் திறக்கும், கடல் ஏறினால் முந்தானை நெற்றிக்குப் போகும். கல்யாண வீட்டில் ஆரத்தி எடுக்க வந்தவள் பாதியில் கடலைப் பார்த்துவிட்டுத் தட்டை அடுத்தவள் கையில் கொடுத்துவிட்டு ஒதுங்கி நிற்பாள். யாரும் அதை விநோதமாக நினைக்கவில்லை. கடை வைத்திருந்த செட்டியாருக்குக் குங்குமம் நன்றாகப் போயிற்று.

பூங்காவனத்துக்கு மட்டும் இது பழகவில்லை. அவளுக்குப் பெண் பிறந்திருந்தது, பச்சையம்மாள் என்று பெயர் வைத்திருந்தாள். கடலுக்குத் தூக்கிக்கொண்டு போய், "மாமா, இத பாரு, உன் மூக்கு," என்று அவன் முகத்துக்கு நேரே பிடிப்பாள். இரண்டு ஆள் தூரத்துக்கு அப்பால் எங்கோ நிலைகுத்திய அந்தக் கண்கள் குழந்தையைத் தாண்டிக் கரையைப் பார்த்துக்கொண்டிருக்கும். அவளுக்கு நிலம் வேண்டாம். அவன் வீட்டுக்கு வந்து, அவள் பெற்ற பிள்ளையை ஒரு தடவை, ஒரே தடவை, ஏறிட்டுப் பார்க்க வேண்டும். அதற்கு மேல் அவளுக்கு உலகத்தில் ஒரு ஆசை இல்லை. மற்றதையெல்லாம் அவள் அந்த ஆசைக்குத் தின்னக் கொடுத்துவிட்டாள்.

தாண்டவனுக்குப் பக்கத்தில் நின்றவன் தேவிதா. அவனுடைய அக்கா சலோமே தினமும் வந்து தம்பியின் தலைமுடியிலிருந்து பாசியை எடுப்பாள். ஒரே தண்ணீரில் பக்கத்தில் பக்கத்தில் நின்று இரண்டு பேரும் சிநேகமானார்கள். பூங்காவனம் என்பதில் பாதியைக் கடித்துப் பூங்கா என்பாள் சலோமே. இவள் பதிலுக்கு அவளைச் சாலம்மா ஆக்கிவிட்டாள்.

"பூங்கா, அந்த நெலம் ஒனக்கு சொன்னான், எனக்கும் சொன்னான்," என்று சலோமே ஒருநாள் கரும்புக்காட்டில் கற்ற தமிழில் சொன்னாள். "ரெண்டு பேரும் வந்தா நாம சண்டை போடுவோமா?"

"மொதல்ல வரட்டும் சாலம்மா. அப்புறம் மயிரப் புடிச்சி ஆசை தீர சண்டை போடலாம்."

சிரித்துக்கொண்டே இரண்டு பேரும் அழுதார்கள்.

பொம்பிளைகள் சும்மா இருக்கவில்லை. திரும்பி வந்துவிட்டார்களே, நிலம் எங்கே, சம்பிரதாயப்படி கூட்டிவந்து வீட்டில் விடுங்கள் என்று கவர்னருக்குச் சொல்லி அனுப்பினார்கள். பதில் வர வெகுகாலம் ஆனது. கடல் ஏறி நிற்கிற எல்லைக்கு உள்ளே இருப்பதெல்லாம் சட்டப்படி கடல்தான். கடலில் நிற்கிறவன் இன்னும் பிரயாணத்தில் இருக்கிறான். பிரயாணத்தில் இருப்பவனைத் திரும்பி வந்தவன் என்று சொல்ல முடியாது. பள்ளிக்கூடத்து வாத்தியார் இதைப் படித்துப் பொருள் சொன்னபோது, "அப்போ ஒரு பத்து முழம் முன்னால வந்தா நெலமா?" என்று ஒருத்தி கேட்டாள். ஆமாம் என்றார் வாத்தியார். அத்தனை பொம்பிளைகளும் கடலைத் திரும்பிப் பார்த்தார்கள்.

பச்சையம்மாளுக்குப் பால்பல் விழுந்துகொண்டிருந்த சமயத்தில் கவர்னரே வந்தார். வெள்ளை உடுப்பு, தொப்பியில் இறகு. கடல் வாங்குகிற நேரம் பார்த்து வரச் சொல்லியிருந்தார்கள். ஒரு படகில் நின்றபடி அவர் பட்டாளத்தின் ஓரமாகப் போனார், கூட வந்த கேப்டன் அடிவயிற்றிலிருந்து ஒரு கவாத்துச் சத்தம் கொடுத்தான்.

"ஐசுவரைட்டு!"

அத்தனை தலைகளும் சடக்கென்று வலப்பக்கம் திரும்பின. வந்து நின்ற நாளிலிருந்து அசையாத தலைகள். வலப்பக்கத்தில் இருந்தது துறைமுகப் பாலம், பாலத்தின்மேல் நின்றது ஊரின் பொம்பிளைக் கூட்டம். பாலமே இடிந்துவிழுகிற மாதிரி ஒரு கூச்சல் எழுந்தது. "பாத்துட்டாரு! எம் மாமா பாத்துட்டாரு!" என்று பூங்காவனம் கத்தினாள், ஒவ்வொருத்தியும் தன்னைத்தான் பார்த்ததாகக் கத்தினாள். அப்போதுதான் பலருக்கு ஞாபகம் வந்தது. கவாத்து முடிந்து வீட்டுக்கு வந்த புருஷன்மார், தினமும் சார்ஜன் எங்களைப் பார்த்து ஐசுவரியம் ஐசுவரியம் என்று வாழ்த்துகிறான், வெள்ளைக்காரனாக இருந்தாலும் நல்ல மனசு என்று சொல்லியிருந்தார்கள். அந்த வாழ்த்தை நம்பித்தான் பாதிப் பேர் கப்பலேறினார்கள். இப்போது மறுபடியும் ஐசுவரியம் சொல்லிவிட்டார்கள், இனி நல்ல காலம்தான் என்று பொம்பிளைகள் குலவை போட்டார்கள்.

பூங்காவனம் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய், படகிலிருந்து பாலத்தில் ஏறிய கவர்னரின் காலுக்கு முன்னால் விழுந்தாள். கங்காணி வரதப்ப நாயக்கர்தான் துபாஷி.

"தொரைகிட்ட சொல்லுங்க கங்காணியாரே. திரும்புன்னா திரும்பறாங்க. வீட்டுக்குப் போன்னு ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்க."

கவர்னர் கேப்டனைப் பார்த்தார். கேப்டன் நீளமாக ஏதோ சொன்னான்.

"பட்டாளத்த கலைக்கணும்னா அது வந்து சேர்ந்திருக்கணுமாம்," என்றார் கங்காணி. "இவங்க இன்னும் வந்து சேரலையாம். சேராத பட்டாளத்த கலைக்கறதுக்குச் சட்டத்துல எடமில்லையாம்."

"அப்ப வந்து சேரச் சொல்லுங்க!"

"அதுக்கு மேலிடத்துல உத்தரவு வேணுமாம், மா. பட்டாளம் ரொம்ப ஒழுக்கமா நிக்குதுன்னு கவர்னர் தொரை சந்தோஷப்பட்டாரு."

கேப்டன் வேறொரு சத்தம் கொடுத்தான், தலைகள் மறுபடி நேராகின. கப்பல் போய்விட்டது. ஊர் அழுது முடித்தது. ஆனால் பாலத்தின் ஓரத்தில் நின்ற கம்பெனி துரை வீட்டுக்குப் போகவில்லை. அவரும் கங்காணியும் பட்டாளத்தைப் பார்த்துக்கொண்டு ரொம்ப நேரம் அங்கேயே நின்றார்கள்.

அடுத்த கரும்பு வெட்டில் கங்காணி காக்கிக் கால்சட்டை மாட்டிக்கொண்டு கடற்கரைக்கு வந்தார். பழைய செம்பட்டை மீசைச் சார்ஜன் போட்ட சத்தமெல்லாம் குடைக்கடியில் நின்று கேட்டுப் பாடமாயிருந்தது அவருக்கு. "அட்டஞ்சன்!" என்றார். "குக்குமார்ச்சு!" என்றார். அதுவரை எருதுக்கும் கயிற்றுக்கும் அசையாத பட்டாளம் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு கரையேறியது. பெண்டாட்டிகள் பொட்டுக்கூட வைக்காமல் ஓடிவந்தார்கள். வந்தவர்களைத் தாண்டி, லயன் வீடுகளைத் தாண்டி, வாலாத்தாள் கல்லைத் தாண்டி, பட்டாளம் நேராகக் கரும்புக்காட்டுக்குள் போயிற்று. மூங்கிலை வாங்கிக்கொண்டு கையில் வெட்டுக்கத்தியைக் கொடுத்தார்கள். அந்தக் கைகளுக்குக் கரும்பு மறக்கவில்லை. பொழுது சாய்ந்ததும் கங்காணி கத்தினார், பட்டாளம் திரும்பிப் போய்த் தண்ணீரில் நின்றது.

இப்போது கரையேறிவிட்டார்களே, நிலம் எங்கே என்று வாத்தியார் பொம்பிளைகளுக்காகக் கேட்டார். உத்தரவின்பேரில் நடக்கிறவன் வேலையில் இருக்கிறான், வேலையில் இருப்பவன் இன்னும் திரும்பவில்லை என்று பதில் வந்தது. இந்தத் தடவை பதில் சீக்கிரமாகவே வந்தது.

செத்தவன் தாகம் என்று நிற்பதில்லை, காய்ச்சல் என்று படுப்பதில்லை. துரைக்குப் பரம சந்தோஷம். உயிரோடிருந்த ஆண்கள் கூலி போதாது என்று கத்தியைக் கீழே போட்டபோது, துரை எழுந்துகூட வரவில்லை, ஜன்னலைச் சாத்திக்கொண்டார். பட்டாளம் அவர்கள் பங்கையும் சேர்த்து வெட்டியது. பசி வயிற்றைக் கிள்ளியதும் ஆண்களின் கோபம் திரும்பவேண்டிய இடத்துக்குத் திரும்பவில்லை. "செத்தவனோட போட்டி போட முடியுமா? ஒங்க புருஷன்மார ஒழுங்கா பொதைச்சிருந்தா எங்க வயித்துல அடிப்பானுங்களா?" என்று அவர்கள் லயன் வாசலில் நின்று பெண்டாட்டிகளை ஏசினார்கள். சொந்த அண்ணனின் முழங்காலில் ஒருத்தன் கல்லால் அடித்தான். முழங்காலுக்கு ஒன்றும் ஆகவில்லை, கல் உடைந்தது. ஆண்கள் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு ஆலைக்குள்ளே கொடுத்த வேலைக்குப் போனார்கள். வருஷங்கள் போயின. பெரிய தீவில் கொடி மாறியது, சொந்தச் சனமே ஆட்சிக்கு வந்துவிட்டது என்றார்கள். கவர்னர் இருந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் தேவிதாவின் நிறம்தான். அவர் ஒரு நாள் படகில் வந்து பட்டாளத்தைப் பார்வையிட்டு, ரொம்ப ஒழுக்கமாக நிற்கிறது என்று பாராட்டிவிட்டுப் போனார்.

சலோமே அதற்குப் பிறகு கடலுக்கு வருவதை நிறுத்திவிட்டாள். "எங்க ஆளு ஆட்சிக்கு வந்தா தம்பிய வீட்டுக்கு விட்டுடுவான்னு இருந்தேன் பூங்கா," என்றாள். "இப்ப யாருக்குக் காத்துகினு இருக்கறது?" தம்பியின் தலையில் பாசி முளைத்துக் கண்ணை மறைத்தது.

பூங்காவனம் கரும்புக் கட்டு கட்டுகிற வேலைக்குச் சேர்ந்தாள். பட்டாளம் வெட்டிப் போட்டதைப் பின்னாலேயே போய்க் கட்டுகிற வேலை. தாண்டவனின் முதுகைப் பார்த்துக்கொண்டே நடப்பாள். நாள் முழுக்கக் கங்காணியின் சத்தம் காதில் விழும். வார்த்தை எது என்று முக்கியமில்லை, அது எந்த இடத்திலிருந்து வருகிறது என்பதுதான் முக்கியம் என்று அவளுக்குப் புரிய ஆரம்பித்தது. கெஞ்சுகிற தொண்டை வேறு, கத்துகிற தொண்டை வேறு. கெஞ்சுகிற தொண்டையை இத்தனை வருஷம் அவள் தேய்த்தாகிவிட்டது. ஆலை இரைச்சலில் யாருக்கும் கேட்காத நேரம் பார்த்து, அவள் சக்கைக் குவியலுக்குப் பக்கத்தில் நின்று கத்திப் பழகினாள். எதிரே நிற்பவன் மனுஷன் இல்லை என்று நினைத்துக்கொண்டு கத்தினால்தான் அந்தக் குரல் வந்தது. முதலில் அவளால் முடியவில்லை. அழுகை வந்து குரல் உடைந்துவிடும். பழகப் பழக அழுகை நின்றது.

ஒரு மத்தியானம், கங்காணி சாப்பாட்டுக்குப் போயிருந்தபோது, அவள் தாண்டவனுக்கு முன்னால் போய் நின்றாள்.

"அட்டஞ்சன்!"

வெட்டிக்கொண்டிருந்த கை கத்தியைக் கீழே விட்டது. அவள் யார் முகத்துக்கு நேரே கத்தினாளோ அந்தத் தாண்டவன் மட்டும் விறைத்து நின்றான், மற்றவர்கள் வெட்டிக்கொண்டே இருந்தார்கள்.

"குக்குமார்ச்சு!"

தாண்டவன் நடந்தான். அவள் பக்கத்தில் நடந்து, திருப்பத்தில் திரும்பச் சொல்லி, கரும்புக்காட்டைத் தாண்டி, வண்டிப்பாதையைத் தாண்டி, பட்டப்பகலில் அவனைத் தன் லயன் வீட்டுக்குக் கொண்டுபோனாள். வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவர்கள் முறத்தை ஒதுக்கி வழிவிட்டார்கள். "கூட்டியாந்துட்டியாக்கா?" என்று ஒருத்தி கேட்டாள். வாயைத் திறந்தால் எந்தக் குரல் வருமோ என்று பூங்காவனத்துக்குப் பயமாக இருந்தது.

தாவணி போட்ட வயசுப் பெண்ணாகியிருந்த பச்சையம்மாள் உள்ளே அடுப்பு ஊதிக்கொண்டிருந்தாள். பிறந்ததிலிருந்து கடலில் பார்த்த முகம்தான். என்றாலும் எழுந்து, சுவரோடு ஒட்டி நின்றாள்.

"ஆல்ட்டு!" என்றாள் பூங்காவனம். அவன் ஒற்றை அறையின் நடுவில் நின்றான்.

"காஞ்சி போனா அப்பா வேற மாதிரி இருக்காரும்மா," என்றாள் பச்சையம்மாள்.

பூங்காவனம் மணை போட்டாள். தட்டில் சோறு போட்டுக் கருவாட்டுக் குழம்பை ஊற்றினாள். "உக்காரு மாமா," என்றாள் தன் பழைய குரலில். அவன் நின்றான். உட்காரு என்பதற்குக் கவாத்தில் வார்த்தை இல்லை. சாப்பிடு என்பதற்கும் இல்லை. அவள் அவன் வாயில் ஒரு கவளம் வைத்தாள், அது அப்படியே கீழே விழுந்தது. விழுந்ததைப் பொறுக்கித் தட்டில் போட்டுவிட்டு, மகளைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய், அவனுக்கு வலப்பக்கத்தில், உறி தொங்கிய இடத்துக்குக் கீழே தன்னோடு நிற்க வைத்துக்கொண்டாள். வயிற்றிலிருந்து அந்தக் குரலை எடுத்தாள்.

"ஐசுவரைட்டு!"

தலை திரும்பியது. தாண்டவன் அவளைப் பார்த்தான்.

அவன் கண்ணுக்குள் அவள் இருந்தாள், அவள் பக்கத்தில் பச்சையம்மாள் இருந்தாள். அவள் பேச ஆரம்பித்தாள். பிரசவத்தன்று பெய்த மழையைச் சொன்னாள், பெண்ணுக்கு அம்மை போட்டதைச் சொன்னாள், பொட்டு வைத்து அழித்து வைத்து அழித்து நெற்றித் தோலே வழன்றதைச் சொன்னாள். "ஒன் மேல கோவமில்ல மாமா, நெலமும் வேணாம், இவளப் பாத்துட்ட இல்ல, அது போதும், அது போதும் எனக்கு," என்றாள். அவன் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தான். கல்யாணமாகி வந்த புதிதில்கூட அவன் அவளை இத்தனை நேரம் பார்த்ததில்லை. பேசிப் பேசி அவளுக்கு நாக்கு வறண்டது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, தண்ணீர் குடிக்க மூலையில் இருந்த குடத்தண்டை போனாள். பச்சையம்மாளும் அடுப்பு அணைந்துவிடாமல் பார்க்க நகர்ந்தாள்.

சொம்பைக் கவிழ்த்துக்கொண்டே பூங்காவனம் அவனைத் திரும்பிப் பார்த்தாள். அவன் கண் நகரவில்லை. அவர்கள் இரண்டு பேரும் நின்ற இடத்தையே, உறிக்குக் கீழே புகை படிந்த சுவரையே, அதே மாதிரி, அதே ஆசையோடு பார்த்துக்கொண்டிருந்தான். அவன் அவளைப் பார்க்கவில்லை. வலப்பக்கத்தைப் பார்த்தான்.



"அம்மா," என்றாள் பச்சையம்மாள் அடுப்பண்டையிலிருந்து, ஒன்றும் அறியாமல். "அங்க போய் நிக்காத. இங்க வா. இங்கதான் பாக்கறாரு."

பூங்காவனம் சொம்பை வைத்தாள். கலைந்த முடியை ஒதுக்கிக்கொண்டு, மகள் காட்டிய இடத்துக்குப் போய், சுவரோடு நிமிர்ந்து நின்றாள். கங்காணி ஆளைத் தேடிக்கொண்டு வாசலுக்கு வரும்வரை அவள் அந்த இடத்தைவிட்டு நகரவில்லை.